மண் போடாதேங்கோ

“...பிணமாய்க் கிடக்கிறன், தங்கச்சி. மண்ணை மட்டும் என்ர மேல போடாதேங்கோ. வீட்டில என்ர மனிசி பிள்ளைத்தாச்சி, அவளுக்கு ஆகாது,” என்றார் அவர், மீசை நுனியைக் கடித்துக்கொண்டே.

திருகோணமலைத் துறைமுகத்தில் மூட்டை சுமப்பவர்; மலை போல உடம்பு. நாங்கள் போட்ட கிரேக்க நாடகத்தில், அடக்கம் செய்யக்கூடாதென்று அரசன் தடுத்த அண்ணனின் உடலுக்குத் தங்கை மண் போடுவாள்; அந்த உடலாகக் கிடப்பவர் இவர்தான்.

“கப்பலையே தூக்குவியள் போல இருக்கிறியள். ஒரு பிடி மண்ணுக்கோ பயம்?” என்று தங்கையாக நடித்தவள் சிரித்தாள். “சரி அண்ணை, பக்கத்தில போடுறன்.”

மேடையில் அழுத வேகத்தில் அவள் மறந்துவிட்டாள். மண் அவர் நெஞ்சில் விழுந்தது. திரையோரம் நின்று அவரையே பார்த்தேன். பாவம் மனுசன், கடைசிவரை அசையவில்லை. கால்விரல்கள் மட்டும் நடுங்கின.

திரை விழுந்ததும் எழும்பி, வீட்டுக்குப் போகாமல், போர்த்திய வெள்ளைத்துணியோடு ஓடிப்போய்க் கடலில் தலை முழுகினார்.