கவிதை இல்லாத இலக்கிய வரலாறு

ரஹீமா ரீச்சரின் மரணச் செய்தி வந்தபோது பூநகரியில் பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தேன். முல்லைத்தீவிலிருந்து அவருடைய தம்பி பேசினார். "சேர், ராத்தா விடிய மௌத்தாயிட்டா. லுஹர் தொழுகைக்குப் பிறகு அடக்கம். வரப் பாருங்கோ." பஸ் நெடுநேரம் வரவில்லை. நான் போய்ச் சேர்ந்தபோது அடக்கம் முடிந்து ஆட்கள் திரும்பிக்கொண்டிருந்தார்கள்.

வவுனியாவில் நாங்கள் இருவரும் உயர்தர வகுப்புக்கு ஆங்கில இலக்கியம் படிப்பித்தோம். பழைய இலக்கிய வரலாற்றுப் பாடநூல்களில் எவை எங்கள் பிள்ளைகளுக்குப் பொருந்தும் என்று பார்த்துச் சொல்லும்படி ஒரு குழு எங்களைக் கேட்டது. லண்டனில் அச்சான தடித்த நூலொன்று, கவிதையில் மழை வந்தாலே சோகம் என்றது. ரீச்சர் கண்ணாடியைக் கழற்றினார். "ஆருக்குச் சேர் இதை எழுதினவை? எங்கட பிள்ளையள் மழை பெய்யாட்டித்தான் அழுகிறதுகள்."

ஆனாலும் அந்த நூலையே அவர் சிபாரிசு செய்தார். அதில் கவிதைகள் முழுதாக இருந்தன. "பழசெண்டு எறியவும் ஏலாது, லண்டனெண்டு தலையில வைக்கவும் ஏலாது. பிள்ளை தானே வாசிச்சுச் சண்டை பிடிக்கட்டும்."

அந்த நூல்களில் அவர் வெறுத்தது பரீட்சைக்கென்று தொகுத்த சுருக்க நூலை. அவரோடு படிப்பித்து இதை வாசிக்கும் சிலருக்கு நினைவிருக்கும்: அதைப் படித்த பூவரசங்குளத்துப் பிள்ளையொன்று 'இக்கவிஞரின் நடை மென்மையானது' என்று எழுதியிருந்தது. "எந்த வரியில மகள்?" என்று ரீச்சர் கேட்டார். பிள்ளை அழுதுவிட்டது. "கவிதை புத்தகத்தில இல்லை ரீச்சர்."

குழு எங்களுக்கு நன்றி சொல்லிவிட்டு அந்தச் சுருக்க நூலையே தெரிந்தெடுத்தது. படிப்பிக்க வசதியாம்.

நான் பூநகரிப் பள்ளிக்கு மாற்றலான பிறகு, கடைசியாக அவரை ஆஸ்பத்திரியில் பார்த்தேன். மிகவும் மெலிந்திருந்தார்.

"பூநகரியிலயும் அந்தப் புத்தகமோ?"

"ஓம் ரீச்சர்."

சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். "பாஸ் பண்ணுவினம். வாசிக்க மாட்டினம்."

அவரிடமிருந்து என்னிடம் எஞ்சியிருப்பது ஒரு பழக்கம்: ஒரு கவிஞரைப் பற்றிப் பேசுமுன் அவருடைய கவிதையைக் கரும்பலகையில் எழுதிவிடுவேன். போன கிழமையும் எழுதத் தொடங்கினேன்.

"சேர், இது சோதினைக்கு வருமோ?" என்று ஒரு பிள்ளை கேட்டது.

வராது என்றேன். எல்லோரும் பேனையை மூடி வைத்தார்கள். மிச்ச வரிகளையும் நான் எழுதி முடித்தேன்.