சோதியை வாடா என்று கூப்பிட வேண்டும்

எங்கள் பக்கம் சேவலுக்குக்கூட மரியாதை உண்டு. பெரியநாயக்கன்பாளையத்தை அடுத்த எங்கள் தோட்டத்தில் களத்துச் சோளத்தைக் கொத்த வரும் சேவலை என் அப்பா, "அட, போங்க சாமி, அக்கட்டால போங்க" என்றுதான் விரட்டுவார். மரியாதையில் அவரை மிஞ்ச ஆளில்லை என்று ஊரே சொல்லும்.

அவர் ஒருநாள் மேட்டுப்பாளையம் சந்தையில் ஓர் எருமைக் கன்றைக் கொடுத்துவிட்டு ஓர் ஏட்டுச்சுவடியோடு வீடு திரும்பினார். பெயர் 'சோதிச் சித்து'. ஆயிரம் வருடத்துக்கு முன்னால் குகைக்குள் இருந்து ஒரு சித்தர் எழுதியதாம். ஏவல், பில்லி சூனியம் போன்ற பெரிய சமாசாரம் எதுவும் அதில் இல்லை. எல்லாம் வெளிச்சத்தை வைத்துச் செய்கிற சில்லறைச் சித்துகள்: இருட்டில் தொலைந்த மூக்குத்தியை மினுக்க வைப்பது, மின்மினியைக் கட்டி நிறுத்துவது, எண்ணெய் இல்லாமல் வீட்டுக்குச் சோதியை வரவழைப்பது. பூசைச் சாமான்களில் சீமைச் சர்க்கரையும் இருந்தது. அந்தக் காலத்தில் சித்தருக்குச் சீமைச் சர்க்கரை எந்தக் கடையில் கிடைத்தது என்று கேட்டேன்.

"சித்தருக்குக் கிடைக்காததுங்களா கண்ணு?" என்றார் அப்பா.

எனக்கு அந்த வருடம் எட்டாம் வகுப்புப் பரீட்சை. தேறினால் கோயமுத்தூரில் மேலே படிக்கலாம், தவறினால் கல்யாணம். மாப்பிள்ளைகூடப் பார்த்து வைத்திருந்தார்கள். பொழுது விழுந்தபின் படிக்க எனக்கு வழியில்லை. அறைக்கு அறை பருத்தி குவிந்து கிடந்ததால், சாமி விளக்கு ஒன்றைத் தவிர எந்தச் சுடரும் வீட்டுக்குள் வரக்கூடாது என்பது சட்டம். நீலகிரியிலிருந்து இறங்கிய கரண்டுக் கம்பியோ அடுத்த தோட்டம்வரை வந்துவிட்டது. நெருப்பில்லாத வெளிச்சம்! அப்பா மட்டும் மசியவில்லை. "கம்பியில வர்றது கம்பியிலயே போயிருமுங்க" என்பார்.

அம்மாதான் ஒரு வாக்கில் அவரைக் கட்டிப்போட்டாள். "ஏனுங்க, வர்ற அமாவாசைக்கு உங்க சோதி வந்துதுன்னா சரிங்க. வரலீன்னா கரண்டுக்கு எழுதிக் குடுத்துப்போடோணுங்க."

அப்பா ஒப்புக்கொண்டார். அன்று முதல் அந்தச் சித்தர் முழுப்பொய்யராக இருக்க வேண்டும் என்று எல்லாச் சாமிகளையும் வேண்டிக்கொண்டேன்.

மந்திரம் சின்னதுதான். 'வாடா, விரைந்து வாடா, வெளிச்சம் கொண்டு வாடா.' அப்பா ஒத்திகை பார்த்தபோது அது, "வாங்க, வெரசா வாங்க, வெளிச்சம் கொண்டாங்க" என்று வந்தது. சோதி எட்டிக்கூடப் பார்க்கவில்லை. சந்தைக்குப் போய்ச் சுவடி விற்ற வியாபாரியைக் கேட்டார். அந்த ஆள் அசரவில்லை. "வாங்கன்னு கூப்பிட்டா அது விருந்தாளிங்க. விருந்தாளி தனக்குத் தோதுப்பட்டப்பத்தானுங்க வருவாங்க. ஏட்டுல இருக்கறாப்பல வாடான்னு அதட்டோணுங்க."

அப்பா தூணைப் பார்த்து அதட்டிப் பழகினார். நாக்கு ஒத்துழைக்கவில்லை. மிஞ்சி மிஞ்சிப் போனால், "வாடாங்க" என்றது.

அம்மா புளியைக் கரைத்துக்கொண்டே சொன்னாள்: "தெனமும் ஒருத்தன வாடா போடாங்கறீங்களே, அவன நெனச்சுட்டுச் சொல்லுங்க."

அவள் சொன்னது கிணற்றில் எருதுகளைப் பூட்டித் தண்ணீர் இறைக்கும் எங்கள் பண்ணையாளை. அப்பா பிறப்பதற்கு முன்பே தோட்டத்தில் இருந்தவர். தலை முழுக்க நரைத்திருந்தது. தொட்டிலை விட்டு இறங்கிய பிள்ளை முதல் எங்கள் வீட்டில் எல்லோருக்கும் அவர் 'டா'தான். சேவலுக்குக் கிடைத்த 'ங்க' அவருக்குக் கிடைத்ததில்லை. அவருடைய சாதி எங்கள் வாசற்படி தாண்டக்கூடாது.

யோசனை பலித்தது. அவரை நினைத்ததும் அப்பாவின் வாயில் 'டா' வழுக்கிக்கொண்டு வந்தது.

அமாவாசை அன்று சாயங்காலம் பங்காளிகளையெல்லாம் அழைத்திருந்தார். நடுக்கூடத்தில் சோதி உட்கார மணை, கோலம், தலைவாழை இலை, சீமைச் சர்க்கரை போட்ட பால்சோறு. சோதி வந்தபின் வாசிக்க வேண்டிய கடைசி ஏடு என் மடியில். இருட்டியதும் சாமி விளக்கையும் மலையேற்றினார்கள். அப்பா கண்ணை மூடிக்கொண்டு தொண்டை கிழியக் கத்தினார்.

"வாடா! வெரசா வாடா! வெளிச்சம் கொண்டாடா!"

கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. பிறகு வாசற்பக்கம் மெல்ல மெல்ல வெளுத்தது.

"வந்துருச்சுங்க!" என்று அலறி ஒரு பங்காளி நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். மற்றவர்களும் விழுந்தார்கள்.

படிக்கு வெளியே லாந்தரோடு எங்கள் பண்ணையாள் நின்றுகொண்டிருந்தார். தனக்கு முன்னால் பெரிய வீட்டுக்காரர்கள் குப்புறக் கிடப்பதைப் பார்த்து இரண்டடி பின்வாங்கினார். "ஏனுங்க சாமி, கூப்டீங்களா?"

கூப்பிட்டது உண்மை. வந்ததும் உண்மை. விரைந்து வந்தார், வெளிச்சத்தோடு வந்தார். சித்தர் சொன்னதில் ஓர் எழுத்து பிசகவில்லை. கரண்டும் போயிற்று, படிப்பும் போயிற்று என்று எனக்கு அழுகை முட்டியது. அழுதுகொண்டே, அவர் பிடித்திருந்த லாந்தர் வெளிச்சத்தில் கடைசி ஏட்டை வாசித்தேன்.

'எவ்வடிவில் வரினும் அதுவே சோதி. வாசலில் நிறுத்தாதே. கால் கழுவி உள்ளே அழை. மணையில் இருத்தி அமுது படை.'

விழுந்து கிடந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டார்கள். எல்லோரும் மணையைப் பார்த்தார்கள்; படியைப் பார்த்தார்கள்; அப்பாவைப் பார்த்தார்கள். சித்து பலித்தது என்றால் அந்த மனிதர் உள்ளே வந்து இலையில் உட்கார வேண்டும்.

"பலிக்கலீங்க" என்றார் அப்பா.

"ஆமாங்க, பலிக்கலீங்க" என்றார்கள் பங்காளிகள், முதலில் அலறியவர் உட்பட.

விடிந்ததும் அப்பா கரண்டுக்கு எழுதிக் கொடுத்தார். பால்சோற்றைத் தொழுவத்துப் பக்கம் கொண்டுபோய் அம்மா பண்ணையாளுக்குக் கொட்டாங்கச்சியில் ஊற்றினாள். எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டது. ஆனாலும் ஒரு மனிதரை உள்ளே விடக்கூடாது என்பதற்காகத்தானே எங்கள் வீட்டுக்குள் கரண்டு வந்தது!

கம்பி இழுத்தவர்கள் கூடத்தில் ஒரு பல்பு மாட்டினார்கள். அதன் கீழே படித்துத்தான் நான் தேறினேன். வாசலுக்கும் ஒன்று போடட்டுமா என்று அவர்கள் கேட்டபோது, அப்பா வெகு மரியாதையாகத்தான் பதில் சொன்னார்.

"வேண்டாமுங்க. அங்க வெளிச்சம் புடிக்க ஆளு இருக்குதுங்க."