வேல்ஸ் வக்கீலின் தங்கை

ஐந்தாம் வகுப்பில் எங்கள் டீச்சர் ஒரு கண்ணாடிக் கிண்ணத்தில் சீட்டுகளைப் போட்டுக் குலுக்கினார். ஒவ்வொரு சீட்டிலும் இடைக்கால ஐரோப்பாவில் வாழ்ந்த ஒருவருடைய பெயர். எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவனுக்கு ஒரு ராஜா கிடைத்தார். பக்கத்தில் இருந்தவளுக்கு ஒரு ராணி, அதுவும் தலை வெட்டப்பட்ட ராணி. எனக்குக் கிடைத்தவர் வேல்ஸ் தேசத்து வக்கீல். அவர் பெயர் அப்போதும் என் வாயில் நுழையவில்லை, இப்போதும் நுழையாது.

அந்த வருடம் பள்ளிக்கூட காபிடீரியாவில் ஒரு மியூசியம் நடத்தப் போவதாகச் சொன்னார்கள். நாங்கள்தான் சிலைகள். அவரவருக்கு வந்த ஆளின் வேஷத்தில் அசையாமல் நிற்க வேண்டும். பார்க்க வந்தவர்கள் மேஜை மேல் சிவப்புக் காகிதத்தில் வெட்டி ஒட்டிய பொத்தானை அழுத்தினால், சிலை உயிர் பெற்றுத் தன் கதையைச் சொல்ல வேண்டும். கேள்வி கேட்டால் பதிலும் சொல்ல வேண்டும். “எனக்குத் தெரியாது” என்று மட்டும் சொல்லவே கூடாது, அதற்கு மார்க் குறையும் என்று டீச்சர் இரண்டு முறை சொன்னார். ராஜாவுக்கு வாள் இருந்தது, ராணிக்கு ரத்தம் இருந்தது. என் வக்கீலுக்கு லைப்ரரியில் அரைப் பக்கம்தான் இருந்தது. வக்கீல் தொழில் செய்தார், அரசியலில் இருந்தார், சொந்த ஊரில் பையன்கள் படிக்க ஒரு பள்ளிக்கூடம் கட்டிவைத்தார். படம்கூடக் கிடையாது.

நான் அழுகிற நிலையில், அமெரிக்காவில் நாங்கள் குடியிருந்த பிளெய்ன்ஸ்பரோ அபார்ட்மென்டுக்குத் திரும்பி வந்தபோது மாமா சோபாவில் உட்கார்ந்து டிவியில் கோர்ட் நிகழ்ச்சி ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாமா என்றால் அம்மாவின் அண்ணன். விருதுநகர்ப் பக்கத்தில் வக்கீல், எங்களோடு சில வாரம் இருக்க வந்திருந்தார். ஒரு தடவை கவுன்சிலராக இருந்து, அடுத்த தடவை தோற்றுப்போனவர். அதைத் தோல்வி என்று அவர் ஒப்புக்கொண்டதில்லை. என் அரைப் பக்கத்தை வாங்கிப் படித்தவர் எழுந்தே நின்றுவிட்டார்.

“பாப்பா, இவரு நம்ம ஆளு! வக்கீலு, அரசியலு, ஸ்கூலு. அப்படியே என்னை மாதிரியே இருக்காரே மனுசன்!”

அடுக்களையில் பாத்திரம் ஒன்று ‘டங்’கென்று விழுந்தது. விழுந்ததா, போடப்பட்டதா என்பதை நான் யோசிக்கவில்லை.

அம்மாவும் மாமாவும் பேசிக்கொள்வதில்லை. மாமா வந்த நாளிலிருந்து ஒரே கூரையின் கீழ், ஒரே மேஜையில், இருவருக்கும் நடுவில் நான் இருந்தேன். “உங்க மாமாவுக்கு இன்னொரு தோசை வேணுமான்னு கேளு” என்பாள் அம்மா. மாமா கையெட்டும் தூரத்தில்தான் உட்கார்ந்திருப்பார். நான் திரும்பி அவரைப் பார்ப்பேன். “போதும்னு சொல்லு பாப்பா” என்பார். நான் அம்மா பக்கம் திரும்பி இங்கிலீஷில் போதுமாம் என்பேன். அம்மா எனக்குப் பதில் சொல்லாமல் அவர் தட்டில் இன்னொரு தோசையைப் போடுவாள். வெந்நீர், சாவி, ரிமோட், டூத் பேஸ்ட் எல்லாம் என் வழியாகவே போய் வந்தன. ஒருநாள் தோசையைவிடக் கனமான எதையோ என் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள் என்ற பயம் எப்போதும் இருந்தது.

விஷயம் என்ன என்பது வளர்ந்த பிறகுதான் எனக்குத் தெரிய வந்தது. ஊரில் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு நிலம், தாத்தா அம்மாவுக்கென்று விட்டுப்போனது. மாமா அதில் ஒரு பள்ளிக்கூடம் கட்டிவிட்டார். நல்ல பள்ளிக்கூடம்தான், தாத்தா பெயரில்தான். அம்மாவிடம் மட்டும் சொல்லவில்லை. பக்கத்து ஊரான பிஸ்கட்டவேயில் யாரோ ஒரு குழந்தையின் பிறந்தநாள் பார்ட்டியில், ஊரிலிருந்து புதிதாக வந்திருந்த ஒரு ஆன்ட்டி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, உங்க இடத்துல ஸ்கூலு பிரமாதமா வந்திருக்கே என்று பாராட்டியிருக்கிறார். அம்மா சிரித்து, ஆமாம் என்று தலையாட்டி, கேக்கையும் சாப்பிட்டுவிட்டு வந்திருக்கிறாள். அந்தச் சிரிப்பைத்தான் அவளால் மன்னிக்க முடியவில்லை என்று இப்போது எனக்குப் படுகிறது.

மாமாவை அமெரிக்காவுக்கு வரச் சொன்னது அப்பா. அதையும் அம்மாவைக் கேட்டுவிட்டுச் செய்திருக்க மாட்டார் என்றுதான் நினைக்கிறேன். எங்கள் வீட்டு ஆண்களுக்கு அது ஒரு வியாதி.

மியூசியம் நடக்கிற வாரத்தின் கடைசியில் மாமாவுக்கு ஃபிளைட். அதற்கு முன் ஒருநாள் படுக்கையறையில் அப்பா தணிந்த குரலில் சொன்னது சுவரைத் தாண்டி எனக்குக் கேட்டது. “கிரீன் கார்டு வர்ற வரைக்கும் நம்மால ஊருக்குப் போக முடியாது. அவரும் இன்னொரு தடவை வர மாட்டாரு. இப்படியே அனுப்பிட்டா அவ்வளவுதான், அப்புறம் ஒட்டவே ஒட்டாது.” அம்மா, “அவரு வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லட்டும்” என்றாள். மாமாவோ நாள் முழுக்க வாயைத் திறந்துகொண்டேதான் இருந்தார். இன்னும் எந்த வார்த்தை பாக்கி என்று எனக்கு விளங்கவில்லை.

மாமா என் வேஷத்தைத் தன் கேஸாகவே எடுத்துக்கொண்டார். அரைப் பக்கத்தை நாலு பக்கப் பேச்சாக்கினார். கார்ப்பெட் மேல் என்னை நிற்கவைத்து, எங்கே கையை உயர்த்த வேண்டும், எங்கே குரலை இறக்க வேண்டும், எங்கே கைதட்டலுக்காக நிறுத்த வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தார். கைதட்ட ஆளில்லாத இடத்தில் அவரே தட்டினார். ‘என் ஊர்ப் பிள்ளைகளுக்காக நான் ஒரு பள்ளிக்கூடம் கட்டினேன்’ என்ற வரி வரும்போதெல்லாம் அடுக்களையில் மிக்ஸி ஓடும். ஒருமுறை தண்ணீர் குடிக்கப் போனபோது பார்த்தேன், ஜாரில் ஒன்றுமே இல்லை.

அப்பா எம்.எஸ். பட்டம் வாங்கியபோது போட்ட கறுப்பு கவுன் அலமாரியில் இருந்தது. வக்கீல் என்றால் கழுத்தில் வெள்ளைப் பட்டை கட்டாயம் வேண்டும் என்றார் மாமா. வேல்ஸில் அந்தக் காலத்தில் வக்கீல்கள் என்ன உடுத்தினார்கள் என்று எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. ஒருவருக்கும் அது சந்தேகமாகவும் தோன்றவில்லை. வக்கீல் என்றால் நம்ம ஊர் கோர்ட்டில் நிற்கிற வக்கீல்தான். தையல் அம்மாவின் வேலை ஆனதால் நான் ஹாலுக்கும் அடுக்களைக்குமாக ஓடினேன்.

“பட்டை ரெண்டும் கீழ விரிஞ்சு நிக்கணும்னு உங்க அம்மாகிட்ட சொல்லு.”

“வெள்ளைத் துணிக்கு நான் எங்க போவேன்னு கேளு.”

மாமா பெட்டியைத் திறந்து தன் வேட்டி ஒன்றை எடுத்து என் கையில் கொடுத்தார். சலவை மடிப்புக் கலையாதது, திரும்பிப் போகும்போது கட்டிக்கொள்ள வைத்திருந்தது. அம்மா அதைப் பிரித்துப் பார்த்தாள், வெகுநேரம் பார்த்தாள். கரையோரமாக இல்லாமல் நட்டநடுவில் கத்தரிக்கோலை வைத்து வெட்டினாள். வெட்டும் சத்தம் ஹால் வரைக்கும் கேட்டது. அன்று மாமா டிவியைப் போடவே இல்லை.

மியூசியம் அன்று காபிடீரியாவில் பீட்சா வாசனையும் தரை துடைக்கும் மருந்து வாசனையும் கலந்து அடித்தன. நான் கவுனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு என் மேஜைக்குப் பின்னால் நின்றேன். ராஜா முன்னால் ஒரு வரிசை, ராணிக்கு அதைவிட நீண்ட வரிசை. என்னிடம் வந்த முதல் ஆள் கழுத்துப் பட்டையைப் பார்த்துவிட்டு, நீங்கள் பாதிரியாரா என்று கேட்டார். மாமா எனக்குப் பக்கவாட்டில், சீனியருக்குப் பின்னால் நிற்கும் ஜூனியர் வக்கீலைப் போல, கையைக் கட்டிக்கொண்டு நின்றார். வரி மறந்தால் எடுத்துக்கொடுக்க வேண்டுமாம். அப்பா ஆபீஸிலிருந்து ரயிலில் வந்து இறங்கி நேரே பீட்சா வரிசைக்குப் போய்விட்டார்.

அம்மா கடைசியில்தான் வந்தாள். ஆபீஸ் உடையில், அடையாள அட்டை கழுத்தில் தொங்க, யாரோ முன்பின் தெரியாத பெண்ணைப் போல வந்து நின்று பொத்தானை அழுத்தினாள். நான் ஆரம்பித்தேன். கையை உயர்த்தினேன், குரலை இறக்கினேன். இங்கே மிக்ஸி இல்லை. பள்ளிக்கூடம் கட்டின வரியை அம்மா முதல் முறையாக முழுக்கக் கேட்டாள்.

நான் முடித்ததும் அவள் போய்விடுவாள் என்று நினைத்தேன். அவள் போகவில்லை. என் முகத்தைப் பார்த்து, தமிழில், நிதானமாகக் கேட்டாள்.

“வக்கீல் சார், நீங்க ஸ்கூலு கட்டின இடம் யாரோடது?”

அரைப் பக்கத்தில் அது இல்லை. நாலு பக்கத்திலும் இல்லை. இரண்டு மேஜை தள்ளி டீச்சர் கையில் மார்க் போடும் அட்டையோடு நின்று எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். தெரியாது என்று சொல்லக் கூடாது. மாமாவைத் திரும்பிப் பார்த்தேன். எதற்கும் வாய் மூடாத மாமா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். எடுத்துக்கொடுக்க மாட்டார் போலிருக்கிறது, என்னைக் கைவிட்டுவிட்டார் என்று எனக்குக் கோபம் வந்தது.

“என் தங்கச்சியோடதுன்னு சொல்லு பாப்பா” என்றார் கடைசியில்.

நான் இங்கிலீஷில், டீச்சருக்கும் கேட்கும்படி, அது என் தங்கையுடைய நிலம் என்றேன்.

“அவளைக் கேட்டுட்டுக் கட்டுனீங்களா?”

“இல்லைன்னு சொல்லு.”

சொன்னேன். அம்மாவுக்குப் பின்னால் ஒரு தாத்தா பொத்தானை அழுத்தக் காத்திருந்தார். எனக்குக் கவுனுக்குள் வேர்த்து ஊற்றியது.

“ஏன் கேக்கலை?”

மாமா கட்டியிருந்த கையை அவிழ்த்து மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். “கேக்கணும்னே தோணலைன்னு சொல்லு. அவ என் தங்கச்சி, வேற யாரு, கேக்காமலே குடுப்பான்னு இருந்துட்டேன். அது தப்புன்னு சொல்லு பாப்பா.”

அது நீளமான பதில். நான் பாதியைத்தான் இங்கிலீஷில் சொன்னேன். மீதியை அம்மா கேட்டுவிட்டாள் என்று அவள் முகத்திலிருந்து தெரிந்தது. “கேட்டிருந்தா ரெண்டு கையாலயும் குடுத்திருப்பா” என்று சொல்லிவிட்டு, அடுத்த மேஜைக்குப் போய் ராணியின் பொத்தானை அழுத்தினாள். ராணி தன் தலை வெட்டப்பட்டதை விவரிக்க விவரிக்க, அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டாள். அந்தப் பெண்ணுக்கு ஒரே பெருமை.

டீச்சர் என்னிடம் வந்து, தங்கையின் நிலம் என்ற விவரம் தனக்கே தெரியாது, அருமையாக ஆராய்ச்சி செய்திருக்கிறாய் என்று முதுகில் தட்டினார். என் மார்க் ராஜாவின் மார்க்கைவிட அதிகம். எனக்கோ உயிரே போய்விட்டது. அந்த வக்கீலுக்குத் தங்கை இருந்ததாக யாரும் எங்கும் எழுதவில்லை.

அன்று இரவு வீட்டுக்குள் நுழைந்து கதவைச் சாத்தியதும் அது ஆரம்பித்தது.

“அந்த ஆன்ட்டி கையைப் புடிச்சுக் கேட்டப்ப நான் பல்லைக் காட்டிட்டு நின்னேண்ணே! எப்படி இருந்திருக்கும் எனக்கு?” அம்மா மாமாவைப் பார்த்து நேராகக் கத்தினாள். “நீ ஒரு போன் போட்டுத் திட்டியிருக்கலாம்ல? இத்தனை நாளா வாயில என்ன வச்சிருந்த?” என்று மாமாவும் கத்தினார். தாத்தாவை இழுத்தார்கள், நிலத்தை இழுத்தார்கள், எப்போதோ சின்ன வயதில் மாமா உடைத்த அம்மாவின் சிலேட்டைக்கூட இழுத்தார்கள். நடுநடுவே அம்மா, “சோத்தைப் போட்டுக்கிட்டுப் பேசுண்ணே, ஆறுது” என்பதும் அதே உரத்த குரலில் வந்தது. அப்பா தலையிடாமல் தட்டை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போய்விட்டார். அவர் முகத்தில் ஒரு சிரிப்பு இருந்ததைப் பார்த்து, இந்த மனுஷருக்கு இரக்கமே இல்லை என்று நினைத்தேன்.

நான் கவுனைக்கூடக் கழற்றாமல் கட்டிலில் ஏறிப் போர்வையை இழுத்து மூடிக்கொண்டேன். இத்தனை நாள் இந்த வீட்டில் ஒரு சத்தம் இருந்ததா? எல்லாம் என் வாயால் வந்தது. இல்லாத ஒரு தங்கையை நான் சொல்லப்போய் இவர்கள் அடித்துக்கொள்கிறார்கள். மறுநாள் காலை முதல் வேலையாக டீச்சரிடம் போய், அந்த வக்கீலுக்குத் தங்கையே கிடையாது, என் மார்க்கைக் குறைத்துவிடுங்கள் என்று சொன்னேன். டீச்சர் சிரித்துக்கொண்டே என் நேர்மைக்காக இன்னும் கொஞ்சம் மார்க் போட்டார்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது படிக்கட்டிலேயே இருவர் குரலும் கேட்டது. காதைப் பொத்திக்கொண்டு அங்கேயே உட்கார்ந்தேன். சாமி, எங்கம்மாவும் மாமாவும் பழையபடி பேசாமலே இருக்கணும் என்று மனதார வேண்டிக்கொண்டேன்.