எங்கள் போன்களுக்குள் இருந்தவள்

லுணுகலை கடைத்தெருவில் அக்கா போன், இன்டர்நெட் வேலை பார்க்கும் ஒரு கொமினிகேஷன் கடை வைத்திருந்தாள். கூடப்பிறந்தவள் இல்லை, பழக்கத்தில் அக்கா. சுற்றுத் தேயிலைத் தோட்டங்களில் யார் புதுப் போன் வாங்கினாலும் அவளிடம்தான் போவோம். கணக்குத் திறந்து, பாஸ்வேர்டும் அவளே போட்டுத் தருவாள்.

போன வருடம் ஊரையே ஒரு பயம் பிடித்தது. யாரோ ஒரு ஹேக்கர் ஆட்களின் கணக்குக்குள் புகுந்து, அவர்களுடைய ரகசியத்தை அவர்கள் பெயரிலேயே வீட்டாருக்கு அனுப்பிக்கொண்டிருந்தான். ஒரு கல்யாணம் நின்றது. ஒரு பெண் பூச்சி மருந்தைக் குடித்து, பதுளை ஆஸ்பத்திரியில் பிழைத்தாள். கொழும்பில் இருக்கும் எவனோ செய்கிறான் என்றுதான் பேசிக்கொண்டோம். அழுதுகொண்டு வந்தவர்களுக்கெல்லாம் அக்காதான் டீ வாங்கிக் கொடுத்து, புது பாஸ்வேர்டு போட்டுக் கொடுத்தாள்.

நான் பதுளை பஸ் நிலையத்தில் நின்றபோது என் வீட்டுக்காரர் எனக்குப் போன் எடுத்தார்.

"ஒங்க அக்காவ பொலிஸ் கூட்டிட்டுப் போயிருச்சு. அந்த ஹேக்கர் அவங்கதானாம்."

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. எனக்கான பஸ் வந்து, போயும் விட்டது.

அக்கா பிணையில் வந்தபின், தோட்டத்து லய வரிசையில் இருந்த அவள் அம்மா வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். ஆள் பாதியாக இருந்தாள்.

"ஏங்க்கா இப்பிடி செஞ்சீங்க?"

"மொதல்ல எங்க வீட்டுக்காரரோடத மட்டுந்தான் பார்த்தேன். கட்டார்ல வேலை செய்ற எடத்துல அவருக்கு இன்னொரு குடும்பமே இருக்கு. தெனம் என்கிட்ட சிரிச்சுப் பேசுன மனுஷன். அதுக்கப்பறம் யாரு சிரிச்சாலும் உள்ள என்ன வச்சிருக்காங்கன்னு பார்க்காம இருக்க முடியல. பொய் சொல்றவங்கள சும்மா விடவும் மனசு வரல."

"என்னோடதையும் பார்த்தீங்களா?"



"ஒனக்குப் புள்ள கலைஞ்சத நீ யாருக்கும் சொல்லல, போன்லதான் தேடித் தேடிப் படிச்சிருந்த. நான் மட்டும் ஏன் கோழி சூப்பு வச்சு எடுத்துட்டு வந்தேன்னு நெனச்ச?"

அந்த நாட்களில் என்னைத் தேடி வந்த ஒரே ஆள் அவள். திட்டலாம் என்று வாயைத் திறந்தேன். அழுகைதான் வந்தது. அவள் கையை நீட்டினாள். நான் விலகி, செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் ரோட்டுக்கு இறங்கிவிட்டேன்.

வழக்கு இன்னும் நடக்கிறது. அன்று திரும்பி வரும் பஸ்ஸில் உட்கார்ந்து பாஸ்வேர்டை மாற்றப் பார்த்தேன். எப்படி மாற்றுவது என்று தெரியவில்லை. போனை அணைத்துப் பைக்குள் போட்டேன்.