உலகம் அழியும் என்று சொன்ன புதன்கிழமை

காலை ஏழே காலுக்கு ஸ்கூல் வேன் வந்து ஹாரன் அடித்தபோது என் மகள் வீட்டில் இல்லை. புத்தகங்கள் கட்டிலில் கொட்டிக் கிடந்தன. பையைக் காணோம்.

2008 செப்டம்பர். பிரான்ஸ்-சுவிட்சர்லாந்து எல்லையில் பூமிக்கடியில் ஒரு ராட்சத எந்திரத்தை அன்று மதியம் ஓட்டிப் பார்க்கப் போகிறார்கள் என்று டிவியில் ஒரே கூச்சல். பெருவெடிப்பில் பிரபஞ்சம் பிறந்த முதல் கணம் எப்படி இருந்திருக்கும் என்று ஆராயும் எந்திரம் அது. அதிலிருந்து கருந்துளை கிளம்பி பூமியை விழுங்கிவிடும் என்று ஒருவன் மிரட்டும் இசையோடு சொல்லிக்கொண்டே இருந்தான். நான் பி.எஸ்சி. படித்தவள். அன்று அணுத்துகள்களை ஓடத்தான் விடுகிறார்கள், மோதவிடவில்லை என்று பேப்பரில் போட்டிருந்தது. நட்சத்திரங்கள் அணைந்து, பிரபஞ்சம் குளிர்ந்து அடங்கிப் போகலாம் என்கிறார்கள் விஞ்ஞானிகள். அதற்கு ஆகும் காலத்தை நினைத்துப் பார்க்கக்கூட நம்மால் முடியாது. அந்த முடிவைப் புதன்கிழமை மதியத்துக்கு இழுத்து வந்தவர்களை இன்றும் எனக்கு மன்னிக்கத் தோன்றவில்லை.

முந்தின நாள் அவள் பிசிக்ஸ் சாரிடம் கேட்டிருக்கிறாள். "உலகம் அழிஞ்சா குவார்ட்டர்லி கெடையாது, ஜாலியா இரு" என்றாராம். வகுப்பே சிரித்திருக்கிறது. எங்களிடம் வந்தாள். நானும் பேப்பரைக் காட்டிப் பாடம்தான் நடத்தினேன்.

"அன்னிக்கு அல வர்றதுக்கு முன்னாடி யாருமே சொல்லல. இப்ப சொல்றாங்க, நீங்க நம்ப மாட்டேன்றீங்க" என்றாள். சுனாமியின்போது அவளுக்கு ஒன்பது வயது. கடலூர் முதுநகரில், கடலுக்குப் பக்கத்தில்தான் எங்கள் வீடு.

என் கணவர் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு கடற்கரைக்கு ஓடினார். நான் அவளுடைய தோழிகள் வீட்டுக்கெல்லாம் போன் போட்டுக்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டுக்காரி தட்டோடு வந்தாள்.

"அக்கா, வட சுட்டேன். சாவறதுதான் சாவறோம், துன்னுட்டு சாவலாம்னு."

"பொண்ணக் காணோம்டி. போயிடு, என் வாயக் கெளறாத."

கரையிலும் இல்லை, பள்ளியிலும் இல்லை என்று கணவர் திரும்பினார். போலீசுக்குப் போகலாம் என்று செருப்பை மாட்டும்போது பைக் ஒன்று வந்து நின்றது. கீரப்பாளையத்திலிருந்து என் தம்பி. பின்னால் பையோடு அவள்.

"சிதம்பரத்துல பஸ் மாறி, தனியா வந்து நிக்கிறாக்கா. 'அம்மா அப்பா பின்னாடி வர்றாங்க மாமா'ன்னா. உனுக்குப் போன் போட்டா ஒரே எங்கேஜ். நீங்க வரலன்னதும் ஒரே அழுக, திருப்பிக் கூட்டியாந்தாதான் ஆச்சுன்னுட்டா."

கீரப்பாளையத்தைச் சுற்றி வயல்தான். கடல் அங்கே வராது. பிரபஞ்சத்தின் முடிவிலிருந்து தப்பவும் அவளுக்குத் தெரிந்த வழி அதுதான்.

அடிக்கக் கையை ஓங்கிவிட்டேன். அவள் விலகவில்லை. என் ஓங்கிய கையைப் பிடித்து வாசல் பக்கம் இழுத்தாள்.

"இன்னும் கெளம்பலியாம்மா நீங்க? மணி ஆவுது, வா."