வறட்சி மேல் போட்ட பழி

கோவில்பட்டியிலிருந்து கயத்தாறு போகும் சாலையோரத்தில் இருந்த ஒரு மிஷன் பள்ளியில் நேசம்மாள் தோட்டக்காரியாக இருந்தாள். பசுவந்தனைப் பக்கத்துக்காரி. புருஷன் மின்னல் விழுந்து செத்த பிறகு பருத்திக் காட்டில் கூலிக்குப் போய்க்கொண்டிருந்தவளுக்கு, சபை குரு தேவஆசீர்வாதம் 1971இல் இந்த வேலையைக் கொடுத்தார். செடிக்குத் தண்ணீர் ஊற்றினால் போதும் என்றார்கள். அவள் அதோடு நிற்கவில்லை.

அந்த வருடம் கொடைக்கானல் போய்வந்த ஆசிரியர் ஒருவர் சைப்ரஸ் என்ற மலைநாட்டு மரத்தின் ஆறு கன்றுகளைக் கொண்டுவந்தார். கரிசல் மண் ஐப்பசி மழையில் களியாகி, வேரடியில் தண்ணீர் வடியாமல் நின்றது. ஆறும் செத்தன. நேசம்மாள் ஒன்றைப் பிடுங்கிப் பார்த்தாள். வேர் கறுத்து, கையில் வழுக்கியது. மறுபடி கன்றுகள் வந்தபோது செம்மண்ணும் சரளையும் வண்டியில் வரவழைத்து, முழங்கால் உயரம் மேடு போட்டு அதன்மேல் நட்டாள். முதல் இரண்டு கோடைக்குத்தான் ஊற்ற வேண்டியிருந்தது. பிறகு வெயிலும் காற்றும் அந்த மரங்களுக்குப் பழகிவிட்டன.

பத்து வருடத்தில் பதினாறு மரங்கள் இரண்டு ஆள் உயரம் நின்றன. சாலைச் சுவரோரம் பதினொன்று, கல்லறைத் தோட்டப் பக்கம் ஐந்து. எந்த மாதத்திலும் அவை இலை உதிர்த்து நின்றதில்லை. செதில் செதிலான இலையைக் கசக்கினால் பிசின் வாசம் அடிக்கும். ஆடிக் காற்றின் புழுதியும் லாரிப் புகையும் அந்த வரிசையைத் தாண்டி வகுப்புக்குள் வரவில்லை. அதன் மறைவில் ரோஜாவும் தக்காளியும் வந்தன. கல்யாண வளைவுக்கும் சவப்பெட்டி மேல் வைக்கும் மலர்வளையத்துக்கும் அதன் கொழுந்தைக் கேட்டு ஆள் வரும். வருடம் இரண்டு தடவை நேசம்மாளே கத்தரி பிடித்துப் பச்சை நுனியை மட்டும் நறுக்குவாள். உள்ளே இருக்கும் பழுப்புக் கட்டையைத் தொடமாட்டாள். மாடு உரசி ஒடித்த ஒரு பக்கம் மூன்று வருடமாகியும் துளிர்க்காததைக் கண்ணால் பார்த்தவள் அவள்.

1984இல் பள்ளிக்கு வைரவிழா வந்தது. புதிதாகச் செயலாளர் ஆகியிருந்த சாமுவேல்ராஜுக்கு ஒரு குறை. பஸ்ஸில் போகிறவர்களுக்குப் பெயர்ப்பலகை தெரியவில்லையாம். கோடாலியோடு கடற்கரை என்ற மரம்வெட்டியைக் கூட்டிவந்தார்.

"ஐயா, பலகையை வாசக் கேட்டுக்கு மேல தூக்கி வைங்க. மரத்தைக் கட்டை வரைக்கும் வெட்டுனா துளிர்க்காது" என்றாள் நேசம்மாள்.

"வேம்பை மொட்டையடிச்சா துளிர்க்கலியா?"

"இது வேம்பு இல்லைங்கேன். பன்னெண்டு வருசமா இதுகூடக் கிடக்கேன், எனக்குத் தெரியாதா?"

"நீ தண்ணி ஊத்த வந்தவ. எப்படி வெட்டணும்னு நாங்க பாத்துக்கிடுதோம்."

கடற்கரை தயங்கினான். "அக்கா சொல்லுதாவள்லா அண்ணாச்சி..."

"உன்னைக் கூலிக்குக் கூப்பிட்டனா, யோசனை கேக்கக் கூப்பிட்டனா?"

குரு அன்று திருநெல்வேலி போயிருந்தார். முதல் மரத்தை மறித்து நின்ற நேசம்மாளை, விழாச் சமையலுக்குப் பாத்திரம் கழுவும்படி விரட்டினார் செயலாளர். ஒவ்வொரு வெட்டும் சமையல்கட்டு வரை கேட்டது. சாயங்காலம் வந்து பார்த்தபோது, சாலைச் சுவரோர மரங்களில் பச்சையே இல்லை, பழுப்புக் குச்சிகள்தான் நீட்டிக்கொண்டிருந்தன. தலையும் போயிருந்தது. விழா அன்று அந்தக் குச்சிகளில் வண்ணக் காகிதம் சுற்றினார்கள்.

மழை வந்தது, போனது. ஒரு துளிர் இல்லை. அடுத்த கோடைக்குள் பதினொன்றும் பட்டுப்போயின. ஆனி மாதம் நேசம்மாளுக்கு ஒரு கடிதம் வந்தது. 'கவனக்குறைவால் மரங்கள் அழிந்தபடியால் வேலையிலிருந்து நிறுத்தப்படுகிறார்' என்று சாமுவேல்ராஜ் கையெழுத்துப் போட்டிருந்தார்.

எழுத்துக்கூட்டி இரண்டு தடவை வாசித்தாள். குரு தலைமையில் நடந்துகொண்டிருந்த பள்ளிக் கமிட்டிக் கூட்டத்துக்குள் நேரே நுழைந்தாள்.

"எல்லாரும் எந்திரிச்சு என்கூட வாங்க."

உச்சி வெயிலில் அவர்களைக் கல்லறைப் பக்கம் நடத்திக்கொண்டு போனாள். கோடாலி படாத ஐந்து மரங்களும் கரும்பச்சையாய் நின்றன.

"இதுக்கும் நாந்தான் ஊத்துனேன். அதே கிணறு, அதே வாளி. இது மட்டும் எப்படிப் பச்சையா நிக்குது? யாராச்சும் சொல்லுங்க."

தேவஆசீர்வாதம் கடிதத்தை வாங்கிக் கிழித்துப் போட்டார். திரும்பி வந்து கூட்டக் குறிப்பைச் செயலாளரை எழுதச் சொல்லி, அவள் காதுபட வாசிக்க வைத்தார். 'கடும் வறட்சியால் பதினொரு மரங்கள் பட்டன' என்று இருந்தது.

"வறட்சியா? போன மழைக்கு வகுப்புக்குள்ள தண்ணி ஏறி, பிள்ளையளுக்கு மூணு நாள் லீவு விட்டியளே, அது எந்த வறட்சி?"

"அதான் வேலை திரும்பக் கிடைச்சிட்டே, இன்னும் என்ன?" என்றார் சாமுவேல்ராஜ்.

"வேலை கேட்டா வந்தேன்? முதல்ல என் தலையில பழியைப் போட்டிய. இப்ப வானத்து மேல போடுதிய. வெட்டச் சொன்னவிய பேரு மட்டும் எங்கயுமே வராதாக்கும்!"

குரு 'வறட்சியால்' என்பதை அடித்துவிட்டு, 'அளவுக்கு மீறி வெட்டப்பட்டதால்' என்று தம் கையாலேயே எழுதினார். யார் வெட்டச் சொன்னது என்று அவரும் எழுதவில்லை. நேசம்மாள் அதையும் கவனித்துவிட்டுத்தான் வெளியே வந்தாள்.

புரட்டாசியில் புதுக் கன்றுகளை மேடு போட்டு நட்டாள். தோண்டி எடுத்த பதினொரு அடிமரங்களையும் செயலாளர் அறை ஜன்னலுக்கு நேர் எதிரே அடுக்கினாள். விறகுக்குக் கேட்டவர்களுக்குக் கொடுக்கவில்லை. சாமுவேல்ராஜ் பதவியை விட்டுப் போகும்வரை, இரண்டு வருடம், அவை அங்கேயே கிடந்தன.