ஒதீல் அம்மா ட்ராலியை விட்டு இறங்காத நாள்

ஒதீல் தர்போ எடுக்காத படம் கிடையாது. நாய் பிஸ்கட் விளம்பரம், சிரிப்புப் படம், போலீஸ் படம், சிப்பி வளர்ப்பவர்களைப் பற்றி ஒரு செய்திப்படம், டிவியில் முடிவே வராத மருத்துவமனைத் தொடர். ஒன்று ஓடினால் அதே மாதிரி இன்னொன்று எடுப்பதுதானே உலக வழக்கம்? இந்த அம்மாவுக்கு அது மட்டும் ஆகாது. சிரிப்புப் படம் ஓடியதும் அழுகைப் படத்துக்குத் தாவுவார். தயாரிப்பாளர்கள் தலையில் கை வைப்பார்கள். அவருக்குத் தண்டவாளம் மாதிரி டிராக் போட்டு, அதன் மேல் கேமரா ட்ராலி தள்ளியே என் இடுப்பு போனது.

எண்பதை நெருங்கும் வயதில் பிரான்ஸின் பிரித்தானி கடற்கரையில் பேய்ப் படம் எடுக்கக் கிளம்பினார். இன்சூரன்ஸ்காரர்கள் சும்மா விடுவார்களா? நடுவில் இவர் படுத்துவிட்டால் படத்தை முடிக்க இன்னொரு இயக்குநர் கூடவே இருக்க வேண்டும் என்றார்கள். பஸ்தியான் வந்தான். நல்லவன்தான். நாள் முழுக்க மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து அம்மாவையே பார்த்துக்கொண்டிருப்பான். அதற்குத்தான் அவனுக்குச் சம்பளம்.

படப்பிடிப்பின் கடைசி நாள் காலையில் பாசி வழுக்கி அம்மா பாறையில் விழுந்தார். பார்த்தது நான் மட்டும். கணுக்கால் ரொட்டி மாவு மாதிரி உப்பிவிட்டது.

"டாக்டரைக் கூப்பிடறேன்மா."

"கூப்பிடு. அப்படியே பஸ்தியானையும் கூப்பிட்டு என் படத்தை அவன் மடியில வெச்சிடு. அறிவிருக்காடா உனக்கு?"

"கால் போயிடும்."

"நான் என்ன காலாலயா படம் எடுக்கறேன்? தூக்கி ட்ராலில வை."

வைத்தேன். அன்றைக்கு என் பிழைப்பு நாறியது. நடிகர் சும்மா நின்று கடலைப் பார்க்கிற ஷாட்டுக்குக்கூட டிராக் கேட்டார். மணலில் டிராக் நிற்குமா? அடியில் பலகை, ஆப்பு, மறுபடி பலகை. எல்லாம் போட்டு முடித்ததும், "இன்னும் கொஞ்சம் அந்தப் பக்கம்" என்பார்.

"இந்த ஷாட்டுக்கு ட்ராலி எதுக்கு?" என்று கேமராமேன் கத்தினார்.

"பேய் நடக்குமாய்யா? மிதக்கும். தள்ளுடா கீரெக்!" என்று என்னை விரட்டினார் அம்மா.

எல்லோரும் சாப்பிடப் போனபோதும் இறங்கவில்லை. இங்கே உட்கார்ந்தால்தான் யோசனை வருகிறது என்று பஸ்தியானிடம் அளந்தார். ஒரு தட்டு சிப்பி கொண்டுபோய்க் கொடுத்தேன். எலுமிச்சம்பழம் எங்கே என்று என்னையே திட்டினார்.

வெளிச்சம் போவதற்குள் கடைசி ஷாட்டும் முடிந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. படப்பிடிப்பு முடிந்தால் இயக்குநர் ஒவ்வொருவரிடமும் போய்க் கன்னத்தில் முத்தம் கொடுப்பது எங்கள் வழக்கம். நடந்தால் குட்டு உடையும். எடிட்டிங் இன்னும் பாக்கி. அதுவும் பஸ்தியான் கைக்குப் போகும்.

"எல்லாரும் டிராக் ஓரமா வரிசையா நில்லுங்க!" என்றார் அம்மா.

நின்றார்கள். நான் தள்ள, அவர் உட்கார்ந்தபடியே ஒவ்வொருவருக்கும் முத்தம் கொடுத்துக்கொண்டு வந்தார். கடைசியில் பஸ்தியான் நின்றான். குனிந்து இரு கன்னத்தையும் கொடுத்தான். அம்மாவின் வீங்கிய காலில் அவிழ்ந்து கிடந்த ஷூவைப் பார்த்தான்.

"எடிட்டிங் ரூம்லயும் டிராக் போடணுமா ஒதீல்?"

அம்மா கோட்டை இழுத்து அந்தக் காலை மூடினார்.

"சாதா நாற்காலி போதும்தானே?" என்றான் பஸ்தியான். "உக்காந்து உக்காந்து எனக்கு முதுகு போச்சு. உங்க படத்தை நீங்களே முடிச்சுத் தொலைங்க. டாக்டருக்கு நான் போன் பண்றேன்."

ஆம்புலன்ஸில் ஏற்றும்போது அம்மா கையை ஆட்டிக் கூப்பிட்டார். நன்றி சொல்லப் போகிறார் என்று ஓடினேன்.

"டிராக்ல உப்புத் தண்ணி ஏறுது பாரு. கழுவி வைடா."

அலை பாதி டிராக்கை மூடியிருந்தது. பிடுங்க ஒருத்தனும் வரவில்லை. எல்லோரும் சைடர் என்கிற ஆப்பிள் மது குடிக்கப் போய்விட்டார்கள்.